பூநகரியில் மறந்துவிட்ட அறிவித்தல்

எங்கள் படங்களின் முடிவில் பெயர்கள் ஓடும்போது சபையில் யாராவது சிரிப்பார்கள். எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு என்று ஒவ்வொன்றாக வரும். எல்லாவற்றுக்கும் கீழே என் பெயர்தான் இருக்கும். உடை, ஒப்பனை, சாப்பாடு மூன்றுக்கும் கீழே என் சிநேகிதியின் பெயர். ஒருமுறை முன்வரிசையில் இருந்த ஒரு ஐயா, "படம் பாக்கிற வேலையையும் நீங்களே செய்திருக்கலாமே பிள்ளை" என்றார். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. எனக்குக் கோபம் வர அதிக நேரம் எடுக்காது.

கிளிநொச்சியில் ஒரு ஸ்டூடியோவில் எனக்கு வேலை. கலியாண வீடு, சாமத்திய வீடு, பிறந்தநாள் என்று மற்றவர்கள் எடுத்து வருகிற வீடியோக்களை வெட்டி ஒட்டிக் கொடுப்பேன். மாமாமார் வாய் நிறையச் சோற்றோடு கமராவைப் பார்த்து முழிக்கிற இடங்களை எடுத்துவிட்டு, கலியாணப் பொம்பிளை வெட்கப்படுகிற இடத்துக்குப் பாட்டுப் போடுவேன். லீவு நாட்களில் அதே ஸ்டூடியோவின் பழைய கமரா ஒன்றை இரவல் வாங்கிக்கொண்டு போய் என் படங்களை எடுப்பேன். ஒலிப்பதிவுக்கென்று தனிக் கருவி எதுவும் இல்லை. என் போனில் ஒரு சின்ன மைக்கைச் செருகி, அழைப்பு வந்து குழப்பாமல் இருக்க ஃப்ளைட் மோடில் போட்டு, நடிப்பவரின் இடுப்பில் கட்டிவிடுவேன். படப்பிடிப்பு நடக்கிற நேரம் முழுக்க என்னை ஒருவரும் போனில் பிடிக்க முடியாது.

ஆள் இல்லை, அதனால்தான் எல்லாவற்றையும் நானே செய்கிறேன் என்று கேட்பவர்களுக்குச் சொல்லுவேன். அது பாதி உண்மை. மீதிப் பாதி, எனக்கு அப்படிச் செய்யப் பிடிக்கும். எழுதினவள் கேட்டதைக் கமரா பிடிப்பவள் முடியாது என்று சொல்ல மாட்டாள். எடுத்ததை வெட்டுகிறவளோடு சண்டை பிடிக்கத் தேவையில்லை. எல்லா வழக்கும் ஒரு தலைக்குள்ளேயே நடந்து முடிந்துவிடும். அதில் ஒரு நிம்மதி இருந்தது. அந்தப் பழக்கம் என்னை எங்கே கொண்டுபோய் விட்டது என்பதைத்தான் எழுத வந்தேன்.

எனக்கு ஒரு அண்ணை. அப்பாவும் அம்மாவும் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து குளத்துத் தண்ணீரை நம்பிக் குடியேறிய வயலை இப்போது அவர்தான் செய்கிறார். அதிகம் பேசமாட்டார். மச்சாள், அதாவது அவருடைய மனைவி, அவருக்கும் சேர்த்துப் பேசுவா. மச்சாளுக்குக் கோபம் வந்து பேசத் தொடங்கினால் அண்ணை எழும்பிப் போய் கிணற்றடியில் இருக்கிற தண்ணீர் மோட்டரைப் போட்டுவிடுவார். வாழைகளுக்கு ஏற்கெனவே தண்ணீர் விட்டிருந்தாலும் பரவாயில்லை, மோட்டர் ஓடும். அந்தச் சத்தத்தில் மச்சாள் பேசுவது ஒன்றும் கேட்காது. கொஞ்ச நேரத்தில் மச்சாளுக்கும் சிரிப்பு வந்துவிடும்.

நாலு வருடத்துக்கு முன் நான் எடுத்த பன்னிரண்டு நிமிடப் படத்தில் இதை அப்படியே எழுதினேன். ஒரு கமக்காரன், மனைவி வாய் திறந்தால் மோட்டரைப் போடுகிறான். அண்ணையின் வளவில்தான் எடுத்தேன். இடது காலைக் கொஞ்சம் வெளியே வீசி வைக்கிற அவருடைய நடையை, நடித்தவருக்கு இரண்டு நாள் இருந்து பழக்கினேன். மோட்டர் அவருடையது. நான் கை காட்டும்போதெல்லாம் மோட்டரைப் போட்டு நிறுத்தினவரும் அவர்தான். எந்தக் கட்டத்துக்கு என்று அவர் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. அது மட்டும் போதாது என்று, இன்னும் சிரிப்பாக இருக்கட்டும் என்று நினைத்து, சிநேகிதியைக் கொண்டு மோட்டருக்குப் பின்னால் தேங்காய்ப் பொச்சுமட்டையை எரிப்பித்துப் புகையும் கிளப்பினேன்.

படம் ஓடியபோது அந்த இடத்தில் சனம் விழுந்து விழுந்து சிரித்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை. அண்ணை எப்போது எழும்பிப் போனார் என்று நான் கவனிக்கவில்லை. அடுத்த நாளிலிருந்து தேத்தண்ணிக் கடையிலும் உரக்கடையிலும் அவரைக் காண்கிறவர்கள் எல்லாம், "என்ன, இண்டைக்கு மோட்டர் போடேல்லையோ?" என்று கேட்கத் தொடங்கினார்கள். ஒரு கிழமை பொறுத்தவர், ஒருநாள் ஸ்டூடியோ வாசலுக்கு வந்தார். மோட்டார் சைக்கிளை விட்டு இறங்கவில்லை.

"உனக்கு எழுதுறதுக்கு வேற ஆக்கள் கிடைக்கேல்லையோ?" என்றார்.

நானும் சும்மா இருந்திருக்கலாம். "ஒரு படத்தில வாறது பெருமைதானே அண்ணை" என்றேன். அவர் மோட்டார் சைக்கிளைத் திருப்பிக்கொண்டு போனார். அதற்குப் பிறகு மூன்று வருடம் எங்களுக்குள் கதை இல்லை. சந்தையில் எதிர்ப்பட்டால் அவர் மற்றப் பக்கம் பார்ப்பார், நான் போனைப் பார்ப்பேன். மச்சாள் மட்டும் தீபாவளி, பொங்கலுக்கு யாரிடமாவது பலகாரம் கொடுத்தனுப்புவா. அதைத் தின்னும்போது போய் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று ஒவ்வொரு முறையும் நினைப்பேன், பிறகு வேலை வந்துவிடும்.

போக முடியாதவள் என்ன செய்வாள்? எழுதினேன். ஒரு தங்கை இறந்து போகிறாள். அவளோடு வருடக்கணக்காகப் பேசாமல் இருந்த தமையன் செத்த வீட்டுக்கு வருகிறான். எங்கள் பக்கத்தில் நல்ல காரியத்துக்குச் சொல்லியனுப்ப வேண்டும், சொல்லாவிட்டால் போகமாட்டார்கள். செத்த வீட்டுக்கு ஒருவரும் சொல்லியனுப்பத் தேவையில்லை. சுவரில் மரண அறிவித்தலைக் கண்டால் பகை பாராட்டியவர்களும் வந்து நிற்பார்கள். அந்த வழக்கத்தை வைத்துத்தான் கதையைக் கட்டினேன். தமையன் வாசல் படலையடியில் நின்று அழுதுகொண்டே பேசுவதற்கு முழுதாக ஒரு பக்கம் வசனம் எழுதினேன். எழுதும்போது நானும் அழுதேன். நல்ல வசனம் என்று நினைத்தேன்.

தமையனாக நடித்தவர் எங்கள் ஓட்டோக்காரர், மோட்டர் படத்துக்குப் பிறகு வந்து சேர்ந்தவர். கமரா, முக்காலி, வெளிச்சத்தைத் திருப்பிவிடுகிற வெள்ளை ரெஜிபோம் மட்டை, சமையல் சாமான்கள் எல்லாவற்றையும் ஏற்றி இறக்குகிறவரும் அவர்தான். கோயில் திருவிழாக்களில் கூத்தாடிப் பழகிய குரல், மெதுவாகப் பேசு என்றால் மூன்று வளவுக்குக் கேட்கும். செத்துப்போன தங்கைக்கு ஆள் தேடவில்லை. அவளுக்கு நடிப்பே இல்லை, விளக்குக்குப் பின்னால் ஒரு படமும் அறிவித்தலில் ஒரு படமும் போதும். பெட்டியை வைத்து அதில் நான் போய்ப் படுத்தால் கமராவை யார் பிடிப்பது? ஆகவே பெட்டி கண்ணில் படாத மாதிரி எழுதிவிட்டு, படத்துக்கு என் முகத்தையே வைத்தேன்.

என்னிடம் சேலை கட்டிய நல்ல படம் ஒன்றுதான் இருந்தது. அண்ணையின் கலியாணத்தில் அவருக்குப் பக்கத்தில் நின்று எடுத்தது. அவரை வெட்டிவிட்டு என்னை மட்டும் எடுத்தேன். எவ்வளவு நெருக்கி வெட்டியும் அவருடைய பட்டுச் சால்வையின் ஓரம் என் தோளருகே கொஞ்சம் வந்துகொண்டே இருந்தது. பரவாயில்லை என்று விட்டுவிட்டேன். அச்சகத்தில் இருந்தவர் படத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்.

"தங்கச்சி, உங்களுக்கு இரட்டைச் சகோதரமோ?"

"இல்லை, நான்தான். நாடகத்துக்கு."

அவர் கையை எடுத்து நெற்றியில் வைத்துக்கொண்டு, "பேரையாவது மாத்துங்கோ" என்றார். பெயர் ஏற்கெனவே கதையில் வருகிறவளின் பெயர்தான் என்று காட்டிய பிறகுதான் அச்சடித்தார். சிநேகிதிக்கும் இது பிடிக்கவில்லை. அவள் முன்பள்ளி ஆசிரியை, மலைநாட்டிலிருந்து வந்து கிளிநொச்சியில் குடியேறிய குடும்பம். எதற்கும் பயப்படாதவள், இதற்குப் பயந்தாள். "உயிரோட இருக்கிற ஆளின்ர படத்துக்கு மாலை போடக் கூடாது. எல்லாம் முடிஞ்ச கையோட உனக்குக் கற்பூரம் சுத்திப் போடுவன்" என்றாள்.

பூநகரியில் அவளுக்குத் தெரிந்த குடும்பமொன்று ஒரு மாதத்துக்கு வவுனியா போயிருந்தது. அவர்களுடைய வீட்டை எங்களுக்குத் தந்தார்கள். ஒழுங்கையில் இருந்த அத்தனை வீடுகளுக்கும் போய், இது படம், ஒருவரும் பயப்பட வேண்டாம் என்று சொன்னோம். முதல் நாள் அறிவித்தல்கள் வருகிற கட்டங்கள். நாலு இடத்தில் ஒட்டினோம். படலையில் ஒன்று, ஒழுங்கை முகப்பில் ஒன்று, கடைச் சுவரில் ஒன்று, பஸ் தரிப்பிடத்தில் ஒன்று. எடுத்து முடிய எல்லாவற்றையும் கிழிக்க வேண்டும் என்று என் கொப்பியில் எழுதி, இரண்டு தரம் கோடும் போட்டிருந்தேன்.

கடைச் சுவரில் இருந்ததைக் கிழித்துக்கொண்டு நிற்கும்போது பொழுது சாயத் தொடங்கியது. கடலேரிப் பக்கம் வானம் எனக்கு வேண்டிய நிறத்துக்கு வந்துவிட்டது. அந்த நிறம் பத்து நிமிடத்துக்கு மேல் நிற்காது. கலை வேலை பார்க்கிறவள் வேறொருத்தியாக இருந்திருந்தால் அவள் போய் மற்றதைக் கிழித்திருப்பாள், கமராக்காரி கடலேரிக்கு ஓடியிருப்பாள். இரண்டும் நான்தான். கடலேரிக்கு ஓடினேன். அன்று எடுத்த தண்ணீரும் கொக்குகளும் நன்றாக வந்தன. படலையிலும் ஒழுங்கையிலும் இருந்தவை மறுநாளும் தேவை. பஸ் தரிப்பிடத்தில் இருந்தது சுத்தமாக மறந்து போய்விட்டது.

மறுநாள் காலை நடந்ததை மச்சாள் பிறகு சொல்லித்தான் அறிந்தேன். அண்ணையின் பக்கத்துக் காணிக்காரர் இறால் வாங்கப் பூநகரிக்கு வந்திருக்கிறார். பஸ்ஸுக்கு நிற்கும்போது அறிவித்தலைக் கண்டிருக்கிறார். மூக்குக் கண்ணாடி கொண்டு வரவில்லை. பெயரை வாசிக்க முடியவில்லை, படத்தை வாசிக்கக் கண்ணாடி தேவைப்படவில்லை. எந்த ஒழுங்கை, எத்தனை மணி என்று மட்டும் பக்கத்தில் நின்றவரைக் கேட்டிருக்கிறார், இன்று பத்து மணிக்குக் கிரியை என்று அவர் வாசித்துச் சொல்லியிருக்கிறார். உடனே அண்ணைக்குப் போன் பண்ணினார். அண்ணை என் இலக்கத்தை எப்போதோ அழித்துவிட்டார், மச்சாளிடம் கேட்டு எனக்கு எடுத்திருக்கிறார். என் போன் ஓட்டோக்காரரின் இடுப்பில், ஃப்ளைட் மோடில் இருந்தது. சிநேகிதியின் இலக்கம் அங்கே ஒருவருக்கும் தெரியாது.

சிறுபோக வயல். வாய்க்கால் தண்ணீர் முறை வைத்துத்தான் வரும். அன்று காலை அண்ணையின் முறை.

நாங்கள் எட்டரை மணிக்கெல்லாம் ஆயத்தம். முற்றத்தில் வாடகைக் கதிரைகள், ஒழுங்கை நீளத்துக்கு வெள்ளைக் கடதாசிக் கொடிகள். விறாந்தையில் ஒரு சின்ன மேசை, அதில் மாலை போட்ட என் படம், முன்னால் விளக்கு. நான் முக்காலியை வீட்டுச் சுவரோடு ஒட்டி வைத்து, ஒரு பக்கம் மேசையும் மறுபக்கம் படலையும் தெரிகிற மாதிரிக் கமராவை நிறுத்தியிருந்தேன். ஓட்டோக்காரர் ஏற்கெனவே ஆறு தரம் படலையால் வந்து அழுதுவிட்டார். ஒவ்வொரு தரமும் சத்தம் கூடிக்கொண்டே போனது. ஏழாவது தரத்துக்கு அவர் விறாந்தைத் தூணோடு நின்று தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார். நான் பதிவை நிறுத்தாமலே வெளிச்சத்தைச் சரிபார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்போது படலையால் ஒருவர் வந்தார். எனக்கு எரிச்சல்தான் வந்தது. ஆரப்பா அது குறுக்கால வாறது என்று கத்துவதற்கு வாயைத் திறந்தேன். திரையில் அந்த நடையைக் கண்டதும் வாய் தானாக மூடிக்கொண்டது. இடது காலை வெளியே வீசி வைக்கிற நடை.

முழங்கால் வரைக்கும் வயல் சேறு காய்ந்திருந்தது. சாரத்தை மடித்துக் கட்டியபடி, தோளில் ஒரு துவாய். செருப்பில்லை. அவர் யாரையும் பார்க்கவில்லை. நேரே மேசைக்குப் போய்ப் படத்துக்கு முன்னால் நின்றார். நான் எழுதின பக்கத்தில் இருந்த ஒரு சொல்லையும் அவர் சொல்லவில்லை. அழவும் இல்லை. விளக்குத் திரி உள்ளே இழுபட்டு மங்கலாக எரிந்தது. குனிந்து விரலால் திரியைத் தூண்டிவிட்டார். விரலில் பட்ட எண்ணெயைத் தலையில் துடைத்தார். பிறகு படத்தில் என் தோளருகே தெரிந்த அந்தச் சால்வை ஓரத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

அண்ணை என்று கூப்பிட வேண்டும். அதே நேரம் என் வலது கை, என்னைக் கேளாமல், கமராவின் வளையத்தைத் திருப்பி அவருடைய முகத்தைத் தெளிவாக்கிக்கொண்டிருந்தது. இதைச் சொல்ல எனக்கு வெட்கம்தான். ஆனாலும் அப்படித்தான் நடந்தது.

அவர் நிமிர்ந்து ஓட்டோக்காரரைப் பார்த்தார். "எங்க கிடத்தியிருக்கினம்?" என்று கேட்டார்.

ஓட்டோக்காரர், நான் புதிதாக ஒரு நடிகரைக் கொண்டுவந்திருக்கிறேன் என்று நினைத்துவிட்டார். தண்ணீர்ச் செம்பைக் கீழே வைத்துவிட்டு, "ஆர், செத்த ஆளோ? அவா அந்தக் கமராவுக்குப் பின்னால நிக்கிறா" என்று கையைக் காட்டினார்.

அண்ணை திரும்பிப் பார்த்தார். நான் ரெஜிபோம் மட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, காதில் பென்சிலோடு நின்றேன். கொடிகள் காற்றில் அடிக்கிற சத்தம் மட்டும் கேட்டது. அவர் பக்கத்தில் இருந்த கதிரையைக் கையால் தடவிப் பார்த்து, அதில் மெல்ல இருந்தார். கமராவில் எரிந்துகொண்டிருந்த சிவப்பு விளக்கைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"உனக்கு விசரோ?" என்றார். மூன்று வருடத்துக்குப் பிறகு அவர் என்னோடு பேசிய முதல் வார்த்தை.

"படம் அண்ணை. அறிவித்தலைக் கிழிக்க மறந்து போனன்."

"போனும் வேலை செய்யேல்லை."

"அது மைக் அண்ணை" என்று ஓட்டோக்காரரின் இடுப்பைக் காட்டினேன். எனக்கே அது பைத்தியக்காரப் பேச்சாகக் கேட்டது. அவர் அந்த இடுப்பைப் பார்த்தார். சிரித்தாரா என்று தெரியவில்லை, துவாயால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். என் கண்ணிலிருந்து தண்ணீர் ஓடத் தொடங்கியிருந்தது. சந்தோசமா, பயமா, வெட்கமா என்று பிரிக்க முடியவில்லை. அவர் உயிரோடு இருக்கிற என்னைப் பார்க்க வரவில்லை, அது தெரியும். ஆனாலும் வந்தார், சேற்றுக் காலோடு வந்தார்.

சிநேகிதி தேத்தண்ணி கொண்டுவந்தாள். அவர் வாங்கவில்லை. செத்த வீட்டில் பிரேதத்தை எடுத்துக்கொண்டு போகும்வரை ஒன்றும் தொடாத பழக்கம் கையில் இருந்தது. பிறகு அவருக்கே ஒரு சந்தேகம் வந்தது.

"இப்ப இது செத்த வீடோ, இல்லையோ? நான் முழுகிப்போட்டோ வீட்டுக்குப் போறது?"

நாங்கள் மூன்று பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். ஆள் சாகவில்லை. ஆனால் படத்துக்கு மாலை விழுந்திருக்கிறது, விளக்கு எரிகிறது, அறிவித்தல் ஒட்டியாகிவிட்டது. "முழுகிறதுதான் நல்லம் அண்ணை" என்றாள் சிநேகிதி. அவர் கிணற்றடிக்குப் போய் நாலு வாளி அள்ளித் தலையில் ஊற்றினார். ஈரத் துவாயைத் தோளில் போட்டுக்கொண்டு முற்றத்தால் வந்தார், மோட்டார் சைக்கிளை எடுத்தார், போனார். போய்வருகிறேன் என்று சொல்லவில்லை.

செத்த வீட்டிலிருந்து புறப்படுகிறவர்கள் எங்கள் பக்கத்தில் அப்படிச் சொல்வதில்லை. பேசாமல் எழும்பிப் போய்விடுவார்கள். அவர் அந்த வழக்கத்துக்காகச் சொல்லாமல் போனாரா, இல்லை என்னோடு இன்னும் கதை இல்லை என்பதால் சொல்லாமல் போனாரா என்று எனக்குப் புரியவில்லை. அன்று முழுக்க அதே யோசனை. ஏழாவது தரம் ஓட்டோக்காரர் நன்றாகவே நடித்தார் என்று சிநேகிதி சொன்னாள். நான் எதையும் பார்க்கவில்லை. சொன்னபடி அவள் எனக்குக் கற்பூரம் சுற்றிப் போட்டாள். பஸ் தரிப்பிடத்து அறிவித்தலை நானே போய் நகத்தால் சுரண்டிக் கிழித்தேன்.

இரண்டு நாள் கழித்து மச்சாள் போன் எடுத்து எல்லாவற்றையும் சொன்னா. தண்ணீர் முறையை விட்டுவிட்டு வந்ததில், மேல் பாத்தி நிறைந்து பக்கத்துக் காணிக்குள் பாய்ந்திருக்கிறது, கீழ்ப் பாத்தி அடுத்த முறை வரும் வரைக்கும் காய்ந்து கிடந்திருக்கிறது. "அந்த மனுசன் மடையைக் கட்டக்கூட நிக்கேல்லை. மண்வெட்டியை வரம்பில போட்டிட்டு ஓடினது" என்றா. அண்ணை ஏதாவது சொன்னாரா என்று கேட்டேன். "என்னத்தைச் சொல்லுறது, அவர் எப்ப கதைச்சவர்?" என்றா.

பிறகு வெட்டுகிற வேலை. ஸ்டூடியோவில் மதிய இடைவேளையில் அந்தத் துண்டைப் போட்டுப் பார்த்தேன். நாலு நிமிடம் வருகிறது. என் வாழ்நாளில் நான் எடுத்த எதுவும் அதற்குப் பக்கத்தில் வராது. எழுதினவளுக்கு அது வேண்டும், அவளுடைய ஒரு பக்க வசனத்தைவிட அந்தத் திரியைத் தூண்டுகிற விரல் பெரிது என்று அவளுக்கே தெரிந்துவிட்டது. கமரா பிடித்தவளுக்கு அது வேண்டும், வெளிச்சம் அப்படி விழுந்திருந்தது. தொகுப்பவளுக்கு அது கட்டாயம் வேண்டும், அது இல்லாமல் படத்தின் நடுவில் ஒரு பள்ளம். நாலு நாள் அதைப் படத்துக்குள் வைத்துப் பார்த்தேன், எடுத்துப் பார்த்தேன். ஒவ்வொரு முறையும் தேத்தண்ணிக் கடையில் யாரோ ஒருவர், "என்ன, விளக்குத் தூண்டேல்லையோ?" என்று அண்ணையைக் கேட்பது காதில் விழுந்தது.

ஐந்தாம் நாள் அதை அழித்தேன். கமராவின் அட்டையிலிருந்தும் கணினியிலிருந்தும் அழித்தேன். வைத்திருந்தால் என்றாவது மனம் மாறிவிடும் என்று என்னை நான் அறிவேன். ஓட்டோக்காரரின் முதுகையும் கால்களையும் மட்டும் காட்டி, வசனத்தை எல்லாம் எடுத்துவிட்டு, ஒருமாதிரி அந்தப் பள்ளத்தை நிரப்பினேன். ஒரு நல்ல காரியம் செய்துவிட்டேன் என்று இருந்தது. அன்று எனக்கு நிம்மதியாகப் பசித்தது.

படம் காட்டும் நாளுக்கு அழைப்பு வேண்டுமே. மச்சாளுக்கு ஒரு செய்தி அனுப்பினேன், அண்ணைக்கும் சொல்லுங்கோ என்று கடைசி வரியில் சேர்த்தேன். ஞாயிற்றுக்கிழமை பின்னேரம், கிளிநொச்சியில் ஒரு பொதுநோக்கு மண்டபம். யன்னல்களைத் தார்ப்பாய்ப் படங்கால் மூடி இருட்டாக்கினோம். சிநேகிதி நாலு வேட்டிகளைச் சேர்த்துத் தைத்த திரை. படம் போடுகிறவளும் நான்தான் என்பதால் நடுவில் மேசைக்குப் பின்னால் இருந்தேன். தொடங்குகிற நேரம் கதவு திறந்தது. அண்ணை, மச்சாள், பிள்ளைகள் இரண்டு பேர், பக்கத்துக் காணிக்காரர், அவருடைய மனைவி. அண்ணை இஸ்திரி போட்ட நீலச் சட்டை போட்டிருந்தார். தலை படிய வாரியிருந்தது. எல்லோரையும் முன்னால் இருத்திவிட்டுத் தானும் இருந்தார். இந்த முறை இடையில் எழும்பிப் போகவில்லை.

படம் முடிந்தது. கை தட்டினார்கள். பெயர்கள் ஓடின, யாரோ வழக்கம்போலச் சிரித்தார்கள். சனம் வெளியே போய்த் தேத்தண்ணி குடிக்கத் தொடங்கியது. நான் கதிரையில் ஏறித் திரையை அவிழ்த்தேன். மற்ற மூலையை யாரோ அவிழ்ப்பது தெரிந்தது. பார்த்தால் அண்ணை. இரண்டு பேரும் துணியின் இரண்டு பக்கத்தையும் பிடித்துக்கொண்டு நின்றோம்.

"நான் வாற இடம் எங்க?" என்று கேட்டார்.

எனக்கு விளங்கவில்லை. "எந்த இடம் அண்ணை?"

"அண்டைக்கு எடுத்தனிதானே? சிவப்பு லைட் எரிஞ்சது, நான் பாத்தனான். உன்ர மச்சாளிட்டையும் சொல்லித்தான் எல்லாரையும் கூட்டிக்கொண்டு வந்தனான்."

நீலச் சட்டையை அப்போதுதான் சரியாகப் பார்த்தேன். கொலரில் மடிப்புக் குலையாமல் இருந்தது. புதுச் சட்டை.

"வெட்டிப்போட்டன் அண்ணை."

"அப்ப எடுத்து வைச்சிருக்கிறியோ?"

"இல்லை. அழிச்சுப்போட்டன். போன முறை மாதிரிச் சனம் உங்களைப் பகிடி பண்ணும் எண்டு..."

அவர் துணியை மடித்தார். நானும் மடித்தேன். பாதியாக்கி, மறுபடி பாதியாக்கினோம். கோபம் வரும் என்று காத்திருந்தேன். வரவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னார்.

"போன முறை என்னைக் கேக்காமல் போட்டனி. இந்த முறை என்னைக் கேக்காமல் வெட்டினனி. ரெண்டு தரமும் நீ என்னைக் கேக்கேல்லை."

என் வேலைகளுக்கெல்லாம் ஒவ்வொரு பெயர் வைத்திருக்கிறேன். அத்தனை பேரில் ஒருத்தியும் அவரைக் கேட்கவில்லை. அவர் சொன்னது சரி. நாலு நாள் அந்தத் துண்டை வைத்துக்கொண்டு எனக்குள்ளேயே வாதாடினேன், பதினைந்து நிமிடத் தூரத்தில் இருக்கிற ஒரு மனுசனுக்குப் போன் எடுத்து, போடட்டோ என்று கேட்க எனக்குத் தோன்றவே இல்லை. மூன்று வருடமாகச் சொல்லாமல் வைத்திருந்த மன்னிப்பை அப்போது சொன்னேன். துணியைப் பார்த்துக்கொண்டுதான் சொன்னேன். அவர் ம் என்றார்.

"அண்ணை, ஒண்டு கேக்கட்டோ?"

"கேள்."

"அண்டைக்கு நீங்கள் வந்ததை நான் எழுதட்டோ? படமாயில்லை. எழுத்தாய்."

மடித்த துணியை வாங்கித் தன் கக்கத்தில் வைத்துக்கொண்டார்.

"மோட்டர் கதையும் வருமோ?"

"அது இல்லாமல் எழுதேலாது அண்ணை."

"எழுது. ஆனா என்ரை மோட்டர் ஒருநாளும் புகை விட்டதில்லை. அதையும் எழுது."

எழுதிவிட்டேன். அது சிநேகிதி எரித்த பொச்சுமட்டைப் புகை. அவருடைய மோட்டர் புகை விடாது.

வெளியே மச்சாள் பிள்ளைகளைக் கூப்பிடுகிற சத்தம் கேட்டது. அவர் துணியை மேசையில் வைத்தார். வாசல் வரைக்கும் போய், செருப்பைப் போட்டுக்கொண்டு திரும்பினார்.

"சரி, போயிட்டு வாறன்" என்றார்.

"ஓம் அண்ணை. வாங்கோ."